அந்த அம்மா என்ன சொன்னார்?

அன்புள்ள ஐயா,
குளச்சல் மீன் ஏலத்தைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடுத்திருக்கிறேன், இணைப்பு கீழே. நீங்கள் எழுதியதைப் படித்து, அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மன் எடுத்த படங்கள் சிலவற்றைப் பார்த்தேன். விளக்கக் குரல், பேட்டி, பின்னணி இசை எதுவும் இல்லை. அவர் யார் பக்கம் என்றே தெரியவில்லை. நம் மக்களுக்கு இதெல்லாம் சரிப்படுமா? அடுத்த படத்துக்கு எந்தக் கேமரா வாங்கலாம்?
ஒரு வாசகர், தக்கலை

அன்புள்ள தம்பி,

படத்தை முழுக்கப் பார்த்தேன். கூடையை இறக்காமலே ஒரு அம்மா ஏலம் கேட்கிறாரே, ஒரு கையால் சும்மாட்டைச் சரிசெய்தபடி இன்னொரு கைவிரலால் தொகை காட்டிக்கொண்டு! அதை எடுத்த கைக்கு என் முத்தம். ஆனால் அந்த இடத்தில் போய் ஒரு கனத்த குரலை ஏற்றி 'வறுமையின் பிடியில்' என்று பேசவிட்டிருக்கிறீர்கள். அந்த அம்மா ஏலக்காரரிடம் என்ன சொன்னார் என்பதே கேட்கவில்லை. கூடவே வயலின். முட்டம் பாறைக்கு மேலே பறக்கும் ட்ரோனைப் பற்றி நான் பேசப்போவதில்லை.

என் சித்தி மீன் சுமந்து விற்றவர். ஒருமுறை தொலைக்காட்சிக்காரர்கள் வந்து அவரைப் படமெடுத்தார்கள். ஒளிபரப்பான அன்று வீடு நிறைய ஆட்கள். திரையில் சித்தியின் வாய் அசைகிறது, கேட்பது யாரோ ஒருவரின் செய்தி வாசிக்கும் தமிழ். "மக்களே, நான் பேசுனத எங்க கொண்டு போட்டானுவ?" என்றார் சித்தி. எனக்கு இன்றுவரை ஆறாத கோபம் அது. விளவங்கோட்டுப் பேச்சு வேறு, தோவாளைப் பேச்சு வேறு, கடற்கரைப் பேச்சு அதிலும் வேறு. எல்லாவற்றையும் துடைத்துவிட்டு அவர்களுக்காகப் பேசுகிறோம் என்கிறோம்.

வைஸ்மன் படப்பிடிப்பில் கேமராவை இன்னொருவரிடம் கொடுத்துவிட்டு மைக்கைத் தன் கையில் வைத்துக்கொண்டவர். படத்தொகுப்பும் அவரேதான், மாதக்கணக்கில் உட்கார்ந்து. அவர் யார் பக்கம் என்பது அங்கேதான் இருக்கிறது. 1967-ல் வந்த 'டிடிகட் ஃபாலிஸ்', மாசசூசெட்ஸில் மனநோயுள்ள குற்றவாளிகளை அடைத்துவைத்த இடத்தைப் பற்றியது. சாப்பிட மறுத்தவருக்கு மூக்கில் குழாய் விட்டு உணவு செலுத்துகிறார்கள். நடுநடுவே, பிறகு இறந்துபோன அதே மனிதரின் பிணத்துக்குச் சவரம் செய்வதை வெட்டிக் காட்டுகிறார் வைஸ்மன். உயிரோடு இருந்தபோது கிடைக்காத பக்குவமான கவனிப்பு பிணத்துக்குக் கிடைக்கிறது. இதற்கு மேல் என்ன பக்கம் வேண்டும் உங்களுக்கு? நோயாளிகளின் அந்தரங்கத்தைக் காரணம் காட்டி நீதிமன்றம் போட்ட தடை, பொதுமக்கள் பார்க்கலாம் என்று 1991-ல்தான் நீங்கியது.

நம் மக்களுக்குச் சரிப்படுமா என்பதெல்லாம் வீண் கவலை. குளச்சலில் ஏலத்தை நின்று வேடிக்கை பார்க்கிறவனுக்கு யார் பக்கத்தில் நின்று விளக்கம் சொல்கிறார்கள்?

1999-ல் வந்த வைஸ்மனின் 'பெல்ஃபாஸ்ட், மெய்ன்' படத்தைப் பாருங்கள், நான்கு மணி நேரம் ஓடும். அதில் மத்தி மீனை டப்பாவில் அடைக்கும் ஆலை வருகிறது. நம்மூர்ச் சாளை மாதிரி மீன்தான். இயந்திரச் சத்தமும் வேலை செய்யும் கைகளும் மட்டும், அவ்வளவு நேரம். அப்புறம் உங்கள் படத்தில் இருந்து அந்தக் குரலையும் வயலினையும் எடுத்துவிட்டு மறுபடி எனக்கு அனுப்புங்கள். கேமரா இருப்பதே போதும். காசு இருந்தால் நல்ல மைக் வாங்குங்கள், கடற்கரைக் காற்றைத் தாங்குகிற மாதிரி.