அப்பாவின் துவக்கு யாருக்கு?

கேள்வி: பயிர்ப் பாதுகாப்புக்கு அப்பா உரிமம் எடுத்து வைத்திருந்த 12 போர் (குழல் அளவு) துவக்கு வீட்டில் இருக்கிறது. அவர் காலமாகி இரண்டு மாதம். பன்றிக் காவலுக்கு நான் கொண்டுபோகலாமா?
வாசகர், நெடுங்கேணி

பதில்: கூடாது. உரிமம் ஆளுக்குரியது, அது அப்பாவோடு முடிந்துவிட்டது. இலங்கையின் 1916ஆம் ஆண்டு 33ஆம் இலக்கச் சுடுகலன்கள் கட்டளைச் சட்டப்படி உரிமமின்றி வைத்திருப்பதே குற்றம், சுடவே வேண்டியதில்லை.

இன்றே பொலிஸ் நிலையத்துக்கு அறிவித்து, அவர்கள் சொல்கிறபடி துவக்கையும் மிச்சத் தோட்டாக்களையும் ஒப்படையுங்கள். துவக்கின் தொடரிலக்கம் எழுதிய பற்றுச்சீட்டு வாங்காமல் திரும்ப வேண்டாம். உங்கள் பெயருக்கு மாற்றக் கேட்கும்போது அதுதான் ஆதாரம். பிறகு இறப்புச் சான்றிதழ், பழைய உரிமம், காணிப் பத்திரம், கிராம அலுவலரின் அறிக்கையோடு மாவட்டச் செயலகத்தை நாடுங்கள். வன்னியில் இழுபடுவது பெரும்பாலும் காணிப் பத்திரம்தான். இடம்பெயர்வில் தொலைந்திருந்தால் பிரதேச செயலகத்தில் உறுதிப்படுத்தல் கடிதத்தை முதலிலேயே எடுத்துவிடுங்கள்.

உரிமம் கிடைத்தாலும் டிசம்பர் 31 வரைக்கும்தான். ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும். அயல்வயல்காரருக்கு ஓர் இரவுகூட இரவல் கொடுக்காதீர்கள். யானைக்கு நேரே நீட்டவும் கூடாது.

அதுவரை கட்டுத்துவக்கு (கம்பியில் கால் பட்டால் தானே வெடிக்கும் பொறி) வைக்கலாமென்று யாரும் சொன்னால் கேட்காதீர்கள். சட்டவிரோதம் என்பது ஒருபுறம். கம்பியில் பட்ட கால் பன்றியுடையதா, விறகுக்குப் போன பிள்ளையுடையதா என்று அது பார்க்காது.