அந்தக் கறுப்புக் கண்ணாடி

அன்புள்ள ஆசிரியருக்கு,

போலந்து சினிமா பற்றிய பேச்சில் நடிகர் ஸ்பிக்னியேவ் சிபுல்ஸ்கியை, அமெரிக்க நடிகர் ஜேம்ஸ் டீனோடு ஒப்பிட்டு 'போலந்தின் ஜேம்ஸ் டீன்' என்று ஒரே வரியில் தாண்டிவிட்டீர்கள். அவர் நடித்த 'சாம்பலும் வைரமும்' பார்த்தேன். 1945இல் நடக்கும் கதையில் இவர் மட்டும் பத்து வருஷம் கழித்துப் பிறந்தவர் மாதிரி இருக்கிறாரே, ஏன்?

கே.

அன்புள்ள கே.,

சோம்பேறித்தனம்தான். எல்லாரும் கொடுக்கும் பட்டத்தை நானும் கொடுத்துவிட்டேன். டீன் நடித்த பையன்களுக்கு அப்பாவோடு சண்டை. இந்தப் படத்தில் சிபுல்ஸ்கி நடித்த மாச்செக்குக்கோ, போர் முடிந்த ராத்திரியிலும் ஒரு கம்யூனிஸ்ட் தலைவரைச் சுடச் சொல்லி உத்தரவு.

உங்கள் கண்ணில் பட்டது சரி. அந்தக் காலத்து உடுப்பு வேண்டாம் என்று சொல்லி, படம் வந்த 1958இல் தான் வெளியில் போட்டுத் திரிந்த மாதிரியே நடித்தார். இயக்குநர் ஆந்த்ரே வைதாவும் விட்டுவிட்டார். கறுப்புக் கண்ணாடியும் வேஷமில்லை, அவருக்கு நிஜமாகவே கிட்டப்பார்வை. படம் அதற்கு ஒரு காரணம் கண்டுபிடித்தது: 1944இல் ஜெர்மானியருக்கு எதிராக நடந்த வார்சா எழுச்சியின்போது சாக்கடைக்குள் கிடந்து கெட்ட கண்கள். படத்தைப் பார்த்த இளைஞர்களுக்குத் திரையில் தெரிந்தது தங்கள் தெருவில் நடக்கும் ஆள்.

மதுக்கடைக் காட்சியை இன்னொரு தடவை பாருங்கள். சின்னக் கிளாஸ்களில் இருக்கும் சாராயத்தை மாச்செக் ஒவ்வொன்றாகப் பற்றவைக்கிறான். ஒரு சுடருக்கு ஒரு செத்த தோழனின் பெயர். அவன் முகத்தில் துக்கம் இல்லை, ஏதோ விளையாட்டுப் போல இருக்கிறது. எனக்கு வயிற்றைப் பிசைந்தது அதுதான்.

அந்த விளையாட்டுத்தனம் மேடையிலிருந்து வந்ததாக இருக்கலாம். க்ராக்கூவில் நடிப்புப் படித்துவிட்டு க்தான்ஸ்க் போனவர், நண்பர் போகுமில் கோபியெலாவோடு சேர்ந்து 'பிம்-பாம்' என்ற மாணவர் நாடகக் குழுவை நடத்தினார். இதே படத்தில் குடித்துவிட்டு விருந்துக்குள் தீயணைப்பானைப் பீச்சுகிறாரே, அவர்தான் கோபியெலா.

அப்புறம் நிறைய நடித்தார். 1965இல் வந்த 'சரகோசா கையெழுத்துப் பிரதி'யில் கொஞ்சம் பூசினாற்போல் இருப்பார், வாள் வேறு. மாச்செக்கைத் தேடிப் போனால் ஏமாறுவீர்கள், நல்ல படம்.

1967 ஜனவரி 8, விடிகாலை. வ்ரோட்ஸ்வாஃப் ரயில் நிலையத்தில் வார்சா வண்டி கிளம்பிவிட்டது. ஓடிப்போய்த் தாவினார், தவறி விழுந்தார். வயது 39. வைதா பிறகு எடுத்த 'எல்லாம் விற்பனைக்கு' இப்படி ரயிலடியில் ஒருவன் விழும் காட்சியோடுதான் தொடங்குகிறது.

அடுத்து தடேயுஷ் கோன்விட்ஸ்கியின் 'சால்தோ' பாருங்கள், அதுவும் 1965தான். அதில் முதலில் நாம் பார்ப்பது, ஓடும் ரயிலிலிருந்து குதிக்கும் சிபுல்ஸ்கியை. அதில் எழுந்து நடந்து போய்விடுகிறார்.