எஃப்12 அழுத்தினேன், படம் எங்கே?

கம்ப்யூட்டர் கேள்வி - பதில்

கேள்வி: சார், நான் இன்ஜினீயரிங் இரண்டாம் வருடம். ஸ்டீமில் (விளையாட்டுகளை வாங்கி ஓட்டும் மென்பொருள்) ஸ்டார்டியூ வேலி, தனியாக மைன்கிராஃப்ட், இரண்டும் விளையாடுகிறேன். நிறைய ஸ்கிரீன்ஷாட் எடுத்திருக்கிறேன். பிக்சர்ஸ் ஃபோல்டரில் பார்த்தால் நாலைந்துதான் இருக்கின்றன. மற்றவை எங்கே போயின? எல்லாவற்றையும் ஒரே இடத்தில் சேர்க்க முடியுமா?
- கல்லூரி மாணவர், கோவில்பட்டி

பதில்: தம்பி, இவ்வளவு எழுதிவிட்டு முக்கியமான ஒன்றை விட்டுவிட்டீர்களே. எந்தக் கீயை அழுத்தி எடுத்தீர்கள்? என் சர்வீஸ் கடைக்கு இந்தப் புகாரோடு வருகிறவர்களிடம் நான் முதலில் கேட்பது அதைத்தான். விளையாட்டின் பெயரை வைத்துத் தேடிக்கொண்டே இருப்பார்கள், கிடைக்காது. படத்தை எடுத்தது ஸ்டீமா, அந்த விளையாட்டேவா, விண்டோஸா, கிராஃபிக்ஸ் கார்டோடு வந்த மென்பொருளா என்று தெரிந்தால் போதும். ஒவ்வொன்றும் தனக்கென ஓர் இடம் வைத்திருக்கிறது. ஒன்று எடுத்த படம் இன்னொன்றின் ஃபோல்டருக்குள் போகவே போகாது.

எஃப்12 என்றால் ஸ்டீம். ஸ்டீமைத் திறந்து, மேலே வியூ மெனுவில் ஸ்கிரீன்ஷாட்ஸ் என்பதைச் சொடுக்குங்கள். விளையாட்டு வாரியாக எல்லாம் வரிசையாக நிற்கும். அங்கேயே ஃபோல்டரைத் திறக்கும் பட்டனும் உண்டு. பதிப்பைப் பொறுத்து 'ஷோ ஆன் டிஸ்க்' என்ற எழுத்தாகவோ சின்ன ஃபோல்டர் சின்னமாகவோ இருக்கும். அதை அழுத்தினால் எந்த ஆழத்தில் போய் விழுகிறீர்கள் என்று பாருங்கள்: சி டிரைவ், புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86, ஸ்டீம், யூசர்டேட்டா, பிறகு உங்கள் கணக்குக்கான ஓர் எண், அதற்குள் 760, அதற்குள் ரிமோட், அதற்குள் விளையாட்டுக்கான எண், கடைசியில் ஸ்கிரீன்ஷாட்ஸ். தெருப் பெயரே இல்லாமல் வெறும் கதவு எண்ணை வைத்து வீடு தேடுகிற கதைதான். 760 என்பது ஸ்டீம் தன் ஸ்கிரீன்ஷாட் வசதிக்குக் கொடுத்துக்கொண்ட எண். ஸ்டார்டியூ வேலிக்கு 413150. மற்ற விளையாட்டுகளின் எண் தெரிய வேண்டுமானால் ஸ்டீம் கடையில் அந்த விளையாட்டின் பக்கத்தைத் திறந்து முகவரியைப் பாருங்கள், அதிலேயே இருக்கும்.

ஃபைலின் பெயரும் எண்தான். ஆனால் அது படிக்கத் தெரிந்தால் உபயோகமான எண். 20240512183045_1 என்று இருந்தால் 2024-ம் ஆண்டு மே 12, மாலை 6 மணி 30 நிமிடம் 45 விநாடி. அதனால் தேதி போட்டுப் பெயர் மாற்றும் வேலையே வேண்டாம். அதே இடத்தில் தம்ப்னெய்ல்ஸ் என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். உள்ளே இருப்பவை சின்ன நகல்கள். அவசரத்தில் அவற்றை காப்பி செய்துகொண்டு போய், "படம் மங்கலாக இருக்கிறது" என்று சிலர் திரும்பி வருவார்கள்.

இன்னொன்று. விளையாட்டை டி டிரைவில் போட்டிருந்தாலும் படங்கள் அங்கே போவதில்லை. ஸ்டீம் எங்கே நிறுவப்பட்டிருக்கிறதோ அங்கேதான் யூசர்டேட்டாவும். டி டிரைவையே சுற்றிச் சுற்றித் தேடுவதில் பயனில்லை.

மைன்கிராஃப்டில் (ஜாவா எடிஷனைச் சொல்கிறேன்) எஃப்2. அழுத்தியதும் திரையின் கீழே சாட் பகுதியில் ஃபைலின் பெயர் அடிக்கோடிட்டு வரும். சாட்டைத் திறந்து அந்தப் பெயரைச் சொடுக்கினால் படமே திறந்துவிடும், பலர் கவனிப்பதில்லை. ஃபோல்டர் வேண்டுமென்றால் விளையாட்டுக்குள் ஆப்ஷன்ஸ் போய், ரிசோர்ஸ் பேக்ஸ் என்பதில் ஃபோல்டரைத் திறக்கும் பட்டனை அழுத்துங்கள். திறந்த இடத்திலிருந்து ஒரு படி மேலே வந்தால் ஸ்கிரீன்ஷாட்ஸ் என்ற ஃபோல்டர் நிற்கும். அப்புறம், எஃப்1 அழுத்தினால் கை, இதயக் குறிகள், கீழே உள்ள பெட்டிகள் எல்லாம் மறையும். அதன் பிறகு எஃப்2 அழுத்திப் பாருங்கள், படம் சுத்தமாக வரும்.

பிக்சர்ஸில் இருக்கும் நாலைந்தும் விண்டோஸ் கீயோடு பிரின்ட் ஸ்கிரீனைச் சேர்த்து அழுத்தியவையாக இருக்கும். அவை பிக்சர்ஸுக்குள் ஸ்கிரீன்ஷாட்ஸ் ஃபோல்டரில் விழும். மைக்ரோசாஃப்டின் இணையச் சேமிப்பிடமான ஒன்டிரைவின் பேக்கப் ஓடுகிற கம்ப்யூட்டரில் அந்த பிக்சர்ஸே ஒன்டிரைவுக்குள் போயிருக்கும். இலவசமாகக் கிடைப்பது 5 ஜிபிதான் என்பதால், விளையாட்டுப் படங்களாலேயே அது நிரம்பிவிடுவதும் உண்டு. விண்டோஸ், ஆல்ட், பிரின்ட் ஸ்கிரீன் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் அது விண்டோஸோடு வரும் எக்ஸ்பாக்ஸ் கேம் பார் எடுப்பது. அது வைக்கும் இடம் வீடியோஸுக்குள் கேப்சர்ஸ். என்விடியா கிராஃபிக்ஸ் கார்டு மென்பொருளின் ஆல்ட் + எஃப்1-ம் வீடியோஸில்தான், விளையாட்டின் பெயரில் தனி ஃபோல்டர் போட்டு வைக்கும். படத்தை வீடியோஸில் வைப்பது எந்த ஊர் நியாயம் என்று கேட்காதீர்கள், எனக்கும் புரியவில்லை. ஆனால் பிக்சர்ஸை மட்டும் பார்த்துவிட்டு 'காணோம்' என்கிறவர்களில் பாதிப் பேருக்கு இங்கேதான் கிடைக்கிறது.

எந்தக் கீ என்றே நினைவில்லையா? விளையாட்டைத் திறந்து, விரல் பழக்கப்படி இப்போது ஒரு படம் எடுங்கள். உடனே வெளியே வந்து, ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் சி டிரைவுக்குள் இன்றைய ஜேபிஜி, பிஎன்ஜி ஃபைல்களைத் தேடுங்கள். விண்டோஸின் தேடல் ஆமை வேகம். எவ்ரிதிங் என்ற இலவச மென்பொருளைப் போட்டுக்கொண்டு, தேதி வாரியாக அடுக்கினால் புதிய ஃபைல் முதல் வரிசையில் வந்து நிற்கும். அது இருக்கும் ஃபோல்டர்தான் பழைய படங்கள் இருக்கும் ஃபோல்டரும்.

சரி, ஒரே இடத்தில் சேர்ப்பது. ஸ்டீமின் செட்டிங்ஸில் இன் கேம் பகுதிக்குப் போனால் படங்களின் இன்னொரு நகலை நீங்கள் சொல்லும் ஃபோல்டரிலும் வைக்கச் சொல்லலாம். டி டிரைவில் ஒரு ஃபோல்டர் போட்டு அதைக் காட்டுங்கள். இது இனி எடுப்பவற்றுக்குத்தான். பழையவற்றை நீங்கள்தான் கொண்டுவர வேண்டும். கொண்டுவரும்போது கட் செய்யாதீர்கள், காப்பி செய்யுங்கள். கட் செய்தால் ஸ்டீமின் பட்டியலில் அந்தப் படங்கள் இல்லாமல் போகும். கேம் பாரின் கேப்சர்ஸ் ஃபோல்டரையும் விண்டோஸ் செட்டிங்ஸில் கேமிங் பகுதியிலிருந்து இடம் மாற்றலாம். மைன்கிராஃப்டுக்கு மட்டும் அவ்வப்போது கையால் காப்பி செய்வதே எளிது.

ஃபோல்டர்களை விளையாட்டு வாரியாகப் பிரித்தால் போதும். அதற்குள் மாதம், வருடம் என்று பிரிக்கிறவர்கள் இரண்டு வாரத்தில் கைவிடுவார்கள். அதைவிட முக்கியம், ஒரே காட்சியை ஏழெட்டு முறை அழுத்தியிருப்பீர்களே, அவற்றில் ஒன்றை வைத்துக்கொண்டு மற்றதை அன்றே அழித்துவிடுவது.

கேள்வி: மகன் ஒன்பதாவது படிக்கிறான். கம்ப்யூட்டர் ரொம்ப மெதுவாகிவிட்டதால் ஃபார்மட் செய்யக் கொடுக்கப்போகிறோம். "டாக்குமென்ட்ஸ், பிக்சர்ஸ், டெஸ்க்டாப் மூன்றையும் எடுத்து வைத்துவிடுகிறேன்" என்கிறார் கடைக்காரர். மகனோ, "என் மைன்கிராஃப்ட் படமெல்லாம் போய்விடும்" என்று சாப்பிடாமல் உட்கார்ந்திருக்கிறான். போய்விடுமா?
- ஒரு தாய், கரூர்

பதில்: அம்மா, பையன் சொல்வதுதான் சரி. கடைக்காரர் சொன்ன மூன்று ஃபோல்டர்களிலும் அவன் படங்கள் இருக்காது. அவன் விளையாடுவது ஜாவா எடிஷன் என்றால், அவை ஆப்டேட்டா என்ற ஃபோல்டருக்குள், ரோமிங் என்பதற்குள், முன்னால் ஒரு புள்ளி வைத்து மைன்கிராஃப்ட் என்ற பெயரில் இருக்கின்றன. விண்டோஸ் ஆப்டேட்டாவை மறைத்து வைத்திருக்கும். விண்டோஸ் 11 என்றால் ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் வியூ, ஷோ, ஹிட்டன் ஐட்டம்ஸ் என்று போய் டிக் செய்தால் கண்ணுக்குத் தெரியும்.

அங்கிருந்து ஸ்கிரீன்ஷாட்ஸ் ஃபோல்டரை பென் டிரைவில் எடுத்துக்கொள்ளுங்கள். பக்கத்திலேயே சேவ்ஸ் என்று ஒன்று இருக்கும். அதை மறக்கவே கூடாது. பையன் மாதக்கணக்கில் கட்டிய வீடு, கோட்டை, சுரங்கம் எல்லாம் அதற்குள்தான். படம் போனால் ஒரு வேளை சாப்பிட மாட்டான். அது போனால் என்ன செய்வான் என்று உங்களுக்கே தெரியும். ஸ்டீமும் இருந்தால் மேலே தம்பிக்குச் சொன்ன யூசர்டேட்டா ஃபோல்டரை அப்படியே எடுங்கள். அதில் உள்ள படங்கள் தானாக இணையத்துக்கு ஏறுவதில்லை. நாமே ஏற்றினால்தான் உண்டு.

மகனையும் கூட வைத்துக்கொண்டு செய்யுங்கள். பென் டிரைவை வேறொரு கம்ப்யூட்டரில் போட்டு இரண்டு படங்களைத் திறந்து பார்த்த பிறகு கடைக்குக் கொடுங்கள்.

கேள்வி: ஜிடிஏ 5 விளையாட்டில் கேரக்டரின் செல்போனால் எடுத்த படங்களை வெளியே எடுப்பது எப்படி? ஃபோல்டரைக் கண்டுபிடித்துவிட்டேன், எதுவும் திறக்கவில்லை.
- வாசகர், தாம்பரம்

பதில்: டாக்குமென்ட்ஸில் ராக்ஸ்டார் கேம்ஸ் ஃபோல்டருக்குள் புரொஃபைல்ஸ் வரை போயிருக்கிறீர்கள், சரியான இடம்தான். பிஜிடிஏ5 என்று தொடங்கும், எக்ஸ்டென்ஷன் இல்லாத ஃபைல்கள்தான் அந்தப் படங்கள். உள்ளே இருப்பது ஜேபிஜிதான், ஆனால் அதற்கு முன்னால் விளையாட்டின் சொந்தத் தகவல் கொஞ்சம் ஒட்டியிருக்கிறது. அதனால் பெயரின் கடைசியில் ஜேபிஜி என்று சேர்த்தாலும் திறக்காது. இதற்கென்றே ஜிடிஏ5வியூ என்ற இலவச மென்பொருள் இருக்கிறது. நாலைந்து படம்தான் என்றால் அதுவும் வேண்டாம். விளையாட்டுக்குள் படத்தைப் பெரிதாகத் திறந்து வைத்துக்கொண்டு எஃப்12 அழுத்துங்கள்.

கேள்வி: பிரின்ட் ஸ்கிரீன் அழுத்தி பெயின்ட்டில் பேஸ்ட் செய்தால் வெறும் கறுப்புப் படம் வருகிறது. கீபோர்டு கோளாறா?
- வாசகி, திருச்சி

பதில்: கீபோர்டு நன்றாகத்தான் இருக்கிறது. சில விளையாட்டுகள் ஃபுல் ஸ்கிரீனில் ஓடும்போது திரையை நேரடியாகத் தங்கள் கையில் எடுத்துக்கொள்ளும், விண்டோஸுக்குக் கிடைப்பது கறுப்புதான். விளையாட்டின் வீடியோ செட்டிங்ஸில் ஃபுல் ஸ்கிரீன் என்பதை பார்டர்லெஸ் விண்டோ என்று மாற்றிப் பாருங்கள். அப்படி ஒரு வசதி அதில் இல்லையென்றால் கேம் பார் அல்லது ஸ்டீமின் கீயைப் பயன்படுத்துங்கள்.