குளத்துக்கட்டில் கண்ட வெளிச்சம்

அன்புள்ள ஐயா,

ஒட்டுசுட்டானில் இருக்கிறேன். ஏ.எல். பரீட்சை எழுதிவிட்டு முடிவு வரும்வரை காத்திருக்கிறேன். எங்கள் பக்கம் முனி, கொள்ளிவாய்ப் பேய், முற்பிறவி சொல்லும் பிள்ளை என்று கதைகளுக்குக் குறைவில்லை. இவற்றை ஆராய்வதையே வேலையாக எடுக்கலாமா? வீட்டில் சிரிக்கிறார்கள்.

தி.

அன்புள்ள தி.,

சிரிக்கட்டும். ஆனால் சம்பளம் யார் தருவார் என்று அம்மா கேட்டால் என்ன சொல்வீர்?

ஏபிரகாம் கோவூரை எடும். திருவல்லாவில் பிறந்தவர், யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் தாவரவியல் படிப்பித்தவர். பேய், சூனியம் என்று ஆராய முழுநேரமாக இறங்கியது 1959இல் ஓய்வு பெற்ற பிறகுதான். ஏமாற்றில்லாமல் அற்புதம் செய்து காட்டுகிறவருக்கு ஒரு இலட்சம் ரூபாய் என்று 1963இல் அறிவித்தார், 1978இல் சாகும்வரை அந்தக் காசை ஒருவரும் வாங்கவில்லை.

இயன் ஸ்டீவன்சன் வேறு ரகம். வர்ஜீனியா பல்கலைக்கழக மனநல மருத்துவப் பேராசிரியர். முற்பிறவி சொல்லும் பிள்ளைகளைத் தேடி 1961இல் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் வந்தார். காசு? செராக்ஸ் முறையைக் கண்டுபிடித்த செஸ்டர் கார்ல்சன் கொடுத்தார், 1968இல் இறந்தபோதும் இந்த வேலைக்கென்று பத்து இலட்சம் டொலர் எழுதி வைத்திருந்தார். அப்படி ஒரு கார்ல்சன் ஒட்டுசுட்டானில் இருந்தால் எனக்கும் சொல்லும். ஸ்டீவன்சனின் முடிவுகள் எனக்கு ஒப்பில்லை. பல இடங்களில் அவர் போய்ச் சேருமுன்பே இரண்டு குடும்பமும் சந்தித்துப் பேசிவிட்டிருந்தன, பிள்ளை முதலில் என்ன சொன்னது, பெரியவர்கள் பிறகு என்ன சேர்த்தார்கள் என்று பிரித்தெடுக்க வழியில்லை, போதாததற்கு இடையில் மொழிபெயர்ப்பாளர் வேறு.

அந்தச் சிக்கல் எனக்கு விளங்கியது எங்கள் குளத்துக்கட்டில். வயல் காவலுக்குப் போன பெரியப்பா ஓர் இரவு மூச்சிரைக்க ஓடிவந்தார். அப்போது சொன்னது, தண்ணீருக்கு மேல் தேங்காய் அளவில் ஒரு வெளிச்சம் அசைந்தது, அவ்வளவுதான். விடிய தேத்தண்ணிக் கடையில் அது பனை உயரம். மத்தியானம் அதற்கு வாய் முளைத்துவிட்டது. (பின்னேரம் பெரியப்பாவே அந்த வாயைக் கண்டதாகச் சத்தியம் பண்ணினார். பொய் சொல்லவில்லை, பாவம், அப்படித்தான் ஞாபகம் வந்தது.) தேங்காயை அன்றிரவே நான் கொப்பியில் எழுதியிருக்காவிட்டால் எனக்கும் பனைதான் நினைவிருந்திருக்கும். நாலு நாள் கழித்து, தலையில் ரோச் லைற் கட்டிக்கொண்டு மீன் பிடிக்கிற ஒருவர் இரகசியமாகச் சொன்னார்: “தம்பி, அந்தக் குளத்தில பேய் இருக்கு. கட்டில கத்திக்கொண்டு ஓடினது. நான் வலையையும் விட்டிட்டு வந்திட்டன்.”

சரி, உமக்கு வருவோம். பல்கலைக்கழகம் கிடைத்தால் உளவியலோ பௌதிகவியலோ படியும், சோறு அதில் வரட்டும். அதுவரை ஒரு கொப்பி வாங்கி, முனியைக் கண்டவர்களைத் தனித்தனியாகப் பிடியும். எத்தனை மணி, நிலவா இருட்டா, எவ்வளவு தூரம், இதை முதலில் யாரிடம் சொன்னார்கள். குடித்திருந்தாரா என்பதைக் கடைசியில் கேளும், முதலில் கேட்டால் தேத்தண்ணிகூடக் கிடைக்காது.