சோவியத் இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியின் சோலாரிஸ் படத்தில் நாயகன் கெல்வினாக நடித்தவர் ரஷ்யரா? வேறு எந்தப் படங்களில் நடித்துள்ளார்?

அவர் பெயர் டொனாடஸ் பனியோனிஸ். ரஷ்யர் அல்லர்; 1924இல் கௌனஸ் நகரில் பிறந்த லித்துவேனியர். சோலாரிஸில் அவர் ரஷ்ய மொழி பேசுவதைக் கேட்டதால் உங்களுக்கு இந்த ஐயம் எழுந்திருக்கலாம். உண்மையில் அந்தக் குரலே அவருடையதன்று. அவருடைய ரஷ்யத்தில் தாய்மொழியின் சாயல் இருந்ததால், கெல்வினுக்கு விளாதிமிர் ஸமான்ஸ்கி என்ற நடிகர் இரவல் குரல் கொடுத்தார். இதை நான் அறிந்தது படத்தை இரண்டாம் முறை பார்த்த பிறகுதான். அன்றுமுதல் அவர் நடிப்பை நான் பார்க்கும் விதமே மாறிவிட்டது.

நடிகருக்குக் குரல் பாதி உயிர் என்பார்கள். அந்தப் பாதியை இழந்த நிலையிலும் ஒருவர் நாடறிந்த நடிகரானார் என்றால், அதற்கான விடையை லித்துவேனியாவின் பானெவெஜிஸ் என்ற சிறு நகரத்தின் நாடக அரங்கில்தான் தேட வேண்டும். பாரிஸில் நாடகம் பயின்று திரும்பிய யூஸாஸ் மில்டினிஸ் அங்கே உருவாக்கிய குழுவில், பதினேழு வயது பனியோனிஸ் 1941இல் சேர்ந்தார். திரையில் பெயர் பெறும்வரை கால் நூற்றாண்டுக் காலம் அவர் தன் மொழியில், தன் குரலில், அந்த மேடையில்தான் வளர்ந்தார். புகழ் வந்த பின்னும் மாஸ்கோவுக்குக் குடிபெயரவில்லை. 1980 முதல் 1988 வரை அதே அரங்கின் கலை இயக்குநராகவும் இருந்தார். அவருடைய வாழ்க்கையில் நான் மிகவும் மதிப்பது இதைத்தான்.

திரையில் அவரை முன்னிறுத்தியது விடௌடாஸ் ஜலகேவிசியுஸ் இயக்கிய 'நியேகஸ் நெநோரெயோ மிர்தி'. 'சாக எவரும் விரும்பவில்லை' என்பது அதன் பொருள். இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய லித்துவேனியக் கிராமம் ஒன்றில், சோவியத் ஆட்சியை எதிர்த்துக் காட்டில் ஆயுதமேந்தியவர்களோடு முன்பு இருந்துவிட்டுத் திரும்பிய வைட்கஸ் என்பவன், தன் விருப்பத்துக்கு மாறாக ஊர்த் தலைவனாக்கப்படுகிறான். சோவியத் அரசின் பார்வையில் எடுக்கப்பட்ட படம் என்பதை மறந்துவிடக் கூடாது. ஆயினும் இரு தரப்புக்கும் நடுவே சிக்கியவனின் அச்சத்தைப் பனியோனிஸ் அவ்வளவு நேர்மையாகக் காட்டியதால், அந்தப் பார்வைக்கு அடங்காத ஒரு துயரம் படத்தில் தங்கிவிட்டது. அவ்வேடம் 1966இல் கார்லோவி வாரி திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருதையும் அவருக்குப் பெற்றுத் தந்தது.

1968இல் சவ்வா குலிஷ் இயக்கிய 'மியோர்த்விய் சிஸோன்' ('உயிரற்ற பருவம்') படத்தில் சோவியத் உளவாளியாக நடித்தார். அதிலும் குரல் வேறொருவருடையது, அலெக்சாந்தர் தெமியானெங்கோவினுடையது. அடுத்த சில ஆண்டுகளில் கோசின்ட்ஸெவின் 'லியர் மன்னன்' படத்தில் ஆல்பனிக் கோமகனாகவும், கிழக்கு ஜெர்மானிய இயக்குநர் கொன்ராட் வோல்ஃபின் படத்தில் ஓவியர் கோயாவாகவும், 1976இல் இசைமேதை பேத்தோவனாகவும் நடித்தார். 2014இல் வில்னியஸில் தமது தொண்ணூறாம் வயதில் மறைந்தார்.

நீங்கள் சோலாரிஸை மறுபடி பார்ப்பீர்களானால் இறுதிக் காட்சியில் சற்று நில்லுங்கள். வீட்டுக்குள் நீர் சொரிந்துகொண்டிருக்க, சன்னலுக்கு வெளியே நின்று தந்தையைப் பார்க்கும் கெல்வின், பின்னர் வாயிற்படியில் அவர் முன் மண்டியிடுகிறான். அங்கே வசனமே இல்லை. இரவல் குரலுக்கு வேலையும் இல்லை. அந்த முகமும் குனிந்த முதுகும் முழுக்க முழுக்கப் பனியோனிஸுடையவை.