கதையைக் கொடுத்துவிடட்டுமா?

கேள்வி: ஒன்பது வருடமாகக் கதை டிஸ்கஷனில் உட்கார்ந்து வசனம் எழுதுகிறேன். இரண்டு படங்களில் டைட்டிலில் பெயர் வந்தது. நானே இயக்குவதற்காக வைத்திருந்த கதை ஒரு தயாரிப்பாளருக்குப் பிடித்துவிட்டது. ஆனால், 'கதையை மட்டும் கொடுங்க, வேற டைரக்டரை வச்சுப் பண்ணிக்கலாம்' என்கிறார். நான் யாரிடமும் உதவி இயக்குநராக இருந்ததில்லை. 37 வயதில் போய் கிளாப் அடிக்க முடியுமா? வீடு மனைவி சம்பளத்தில் ஓடுகிறது.
- பெயர் வேண்டாம், சாலிகிராமம்

பதில்: கிளாப் அடிக்க வேண்டாம். ஆனால் செட்டில் நிற்காமல் தீராது.

தயாரிப்பாளர் மீது கோபப்படாதீர்கள். கதையில் அவருக்குச் சந்தேகம் இல்லை. வெளிச்சம் போய்க்கொண்டிருக்கிறது, மூன்று ஷாட் பாக்கி, ஹீரோ கால்ஷீட் இன்றோடு முடிகிறது. இந்த ஆள் எதை எடுப்பார், எதை விடுவார்? அவருடைய பயம் அதுதான். நியாயமான பயம்.

எழுத்திலிருந்து வந்து ஜெயித்தவர்கள் என்று எல்லோரும் ஸ்ரீதரைச் சொல்வார்கள். 1959இல் 'கல்யாண பரிசு' எடுத்தபோது அவர் அதைத் தயாரித்த வீனஸ் பிக்சர்ஸில் ஒரு பங்குதாரர் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 'இவரை நம்பலாமா' என்று வெளியில் யாரும் கேட்க வேண்டிய நிலை அவருக்கு இல்லை. கேமராமேன் வின்சென்ட்டும் புது ஆள் இல்லை. முந்தைய வருடம் ஸ்ரீதர் எழுதிய 'உத்தம புத்திர'னுக்கும் அவர்தான் ஒளிப்பதிவு. மகேந்திரனைப் பாருங்கள். 'தங்கப்பதக்க'த்தில் சிவாஜிக்கு எழுதியவர், 1978இல் 'முள்ளும் மலரும்' எடுத்தபோது பேச்சைக் குறைத்துவிட்டு பாலு மகேந்திராவின் கேமராவை நம்பினார். இரண்டு பேருக்கும் முதல் படத்திலேயே நல்ல கேமராமேன் பக்கத்தில் இருந்தார். உங்களுக்கு யார்? இரண்டு படம் எழுதியிருக்கிறீர்கள், அந்த கேமராமேன்களோடு ஒரு டீ குடித்திருக்கிறீர்களா?

அதனால் இப்படிச் செய்து பாருங்கள். இந்தக் கதையைக் கொடுக்காதீர்கள். வேறு ஒன்றைக் கொடுங்கள். ஒன்பது வருடம் எழுதியவரிடம் இன்னொரு கதை இல்லை என்றால் நான் நம்ப மாட்டேன். அந்தப் படத்துக்கு ஒப்பந்தம் போடும்போது, படப்பிடிப்பு முழுக்க செட்டில் இருப்பேன், எடிட்டிங்கிலும் உட்காருவேன் என்று எழுதி வாங்குங்கள். எடிட்டிங்தான் முக்கியம். நீங்கள் ராத்திரி முழுக்க விழித்து எழுதிய நாலு வரியை எடிட்டர் தூக்கிவிட்டு நடிகரின் முகத்தை மட்டும் வைப்பார்; காட்சி நன்றாகிவிடும். வயிறு எரியும், எரியட்டும். வசனம் எழுதுபவர் இயக்க வந்தால் எல்லாவற்றையும் பேசியே தீர்க்கப் பார்ப்பார். அந்தப் பழக்கம் போக எனக்குத் தெரிந்து வேறு வைத்தியம் இல்லை.

அப்புறம், உங்கள் கதையிலிருந்து ஒரே ஒரு காட்சியை ஐந்து நிமிடப் பைலட்டாக, அதாவது மாதிரிப் படமாக, எடுங்கள். வசனமே வேண்டாம். அடுத்த தயாரிப்பாளரிடம் கதை சொல்லப் போகும்போது அதை முதலில் காட்டுங்கள்.

விற்கும் கதையோ வைத்திருக்கும் கதையோ, எழுத்தாளர் சங்கத்தில் பதிவு செய்யாமல் இனி யாரிடமும் வாய் திறக்காதீர்கள். கையெழுத்துப் போடும் தாளையும் பொறுமையாகப் படியுங்கள். நம் பதிப்புரிமைச் சட்டப்படி, உரிமையை எழுதிக் கொடுக்கும்போது காலம் குறிப்பிடாவிட்டால் ஐந்து வருடம்தான் கணக்கு. 'நிரந்தரமாக', 'எல்லா மொழிகளிலும்' என்ற சொற்கள் இருந்தால் அதற்கு ஏற்ற தொகையைக் கேளுங்கள். முன்பணம் வாங்கிய அவசரத்தில் ரீமேக் உரிமையும் சேர்ந்து போய்விடும்.

ஒருவேளை எடுத்துப் பார்த்தபின் இது நமக்கு ஒத்துவரவில்லை என்று தோன்றினால்? தோன்றட்டுமே. வசனகர்த்தா ஆரூர்தாஸ் 1967இல் 'பெண் என்றால் பெண்' இயக்கினார், அப்புறம் வசனத்துக்கே திரும்பிவிட்டார். அவர் மதிப்பு குறைந்ததாக யாரும் சொல்லவில்லை.

வீட்டு விஷயம்: இன்னும் எத்தனை வருடம் பார்க்கலாம் என்று நீங்களாக முடிவு செய்யாதீர்கள். மனைவியிடம் கணக்கைக் காட்டிக் கேளுங்கள். சம்பளம் அவருடையது, கெடுவையும் அவரே சொல்லட்டும்.