முகமூடியைக் கழற்றச் சொல்லும் படங்கள்

கேள்வி: வீட்டில் மூத்தவன் நான். அப்பாவுக்கு மறதிநோய். அவரைக் கவனிப்பது, மருந்து, வரவு செலவு எல்லாம் என் பொறுப்பு. நோய் எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று டாக்டர் சொன்னது எனக்கு மட்டுமே தெரியும். அதற்காக வாங்கிய கடனும் அப்படித்தான். அம்மா தாங்கமாட்டார், தம்பிக்கு இப்போதுதான் வேலை கிடைத்திருக்கிறது என்பதால் யாரிடமும் சொல்லவில்லை. எல்லோரும் தூங்கிய பிறகு சூப்பர்ஹீரோ படங்கள் பார்ப்பேன். சில காட்சிகளில் அழுதுவிடுகிறேன். “எல்லாரையும் நீங்கள் ஒருவரே காப்பாற்றுவதாக நினைப்பு. இந்தப் படங்கள்தான் உங்களைக் கெடுக்கின்றன” என்கிறார் மனைவி. சில வாரங்களாகச் சரியான தூக்கமில்லை, சின்ன விஷயத்துக்கும் எரிந்து விழுகிறேன். அவர் சொல்வது சரியா? படம் பார்ப்பதை நிறுத்திவிடவா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

பதில்:

நண்பருக்கு,

நிறுத்த வேண்டாம். உங்கள் மனைவி உங்களைப் பற்றிச் சொன்னது சரி. படங்களைப் பற்றிச் சொன்னதை மட்டும் நான் ஏற்கமாட்டேன். தனியாகச் சும, வாயைத் திறக்காதே என்று நல்ல சூப்பர்ஹீரோ படம் எதுவும் சொல்லிக்கொடுப்பதில்லை. அப்படிச் சுமப்பவன் எந்த இடத்தில் உடைகிறான் என்பதைத்தான் அது கூர்ந்து பார்க்கிறது. எந்தக் காட்சிகளில் அழுகிறீர்கள் என்று நீங்கள் எழுதவில்லை. நாயகன் யாருமில்லாமல் ஒற்றையாக நிற்கும் இடங்களாகத்தான் இருக்கும் என்று நினைக்கிறேன். அதற்கு அடுத்து வரும் காட்சிகளையும் அதே கவனத்தோடு பாருங்கள்.

சாம் ரெய்மி இயக்கி 2004-இல் வெளிவந்த ‘ஸ்பைடர்மேன் 2’ படத்தையே எடுத்துக்கொள்வோம். ஸ்பைடர்மேனாக இருக்கும் இளைஞன் பீட்டர் பார்க்கருக்கு அதில் எதிரியைவிடப் பெரிய தொல்லை அன்றாடப் பிழைப்புதான். பீட்சா கொண்டுபோய்க் கொடுக்கும் வேலை பறிபோகிறது. வாடகை பாக்கி நிற்கிறது. காதலிக்கும் பெண் நடிக்கும் நாடகத்துக்குக்கூட நேரத்துக்குப் போய்ச் சேர முடியவில்லை. ஒரு கட்டத்தில் கையிலிருந்து வலை வருவதே நின்றுபோகிறது. கட்டடங்களுக்கு நடுவே தாவிக்கொண்டிருப்பவன் அந்தரத்தில் பிடி இல்லாமல் விழுகிறான். டாக்டரிடம் போனால் உடம்பில் கோளாறு எதுவும் இல்லை. கடைசியில் அந்த உடையைக் குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டு நடந்துவிடுகிறான். தூக்கமில்லை என்று நீங்கள் எழுதிய வரியைப் படித்ததும் எனக்கு நினைவுக்கு வந்தது அந்த விழுதல்தான். உடம்பு நமக்கு முன்பே உண்மையைச் சொல்லிவிடுகிறது.

அந்தப் படத்தில் நான் மிகவும் மதிக்கும் காட்சியில் சண்டையே கிடையாது. ஒரு மேசை, இரண்டு பேர். தன் மாமா கொல்லப்பட்டதற்குத் தானும் காரணம், அந்தத் திருடனைத் தடுத்திருக்கலாம், தடுக்காமல் விட்டுவிட்டேன் என்பதை பீட்டர் முதன்முறையாக அத்தை மேயிடம் சொல்கிறான். அவன் பிடித்திருந்த கையை அத்தை மெல்ல இழுத்துக்கொள்கிறார். ஒரு வார்த்தை பேசாமல் எழுந்து மாடிக்குப் போய்விடுகிறார். இத்தனை நாள் அவன் எதற்கு அஞ்சினானோ அதுவே நடந்துவிட்டது போலத்தான் தோன்றும். பிறகு வீட்டைக் காலி செய்துகொண்டிருக்கும் நேரத்தில் அதே அத்தை, உண்மையைச் சொன்னது துணிச்சலான செயல் என்று சொல்லி அவனை அணைத்துக்கொள்கிறார். நடுவில் அவருக்குக் கொஞ்ச காலம் தேவைப்பட்டது, அவ்வளவே. உங்கள் அம்மாவுக்கும் அது தேவைப்படலாம். கேட்டதும் எழுந்து போய்விட்டார் என்றால் சொன்னது தவறு என்று முடிவுகட்டிவிடாதீர்கள்.

அதற்குப் பிறகுதான் ரயில் காட்சி வருகிறது. முகமூடியைக் கழற்றிவிட்டு, இரு பக்கக் கட்டடங்களிலும் வலையைப் பாய்ச்சி, உடை கிழிய ரயிலை நிறுத்திவிட்டு மயங்கிச் சரிகிறான். அவன் விழுவதற்குள் பயணிகள் பிடித்துக்கொள்கிறார்கள். தலைக்கு மேலாகக் கைமாற்றிக் கைமாற்றி உள்ளே கொண்டுபோய்த் தரையில் கிடத்துகிறார்கள். வெறும் சின்னப் பையன், என் மகன் வயதுதான் இருக்கும் என்கிறார் ஒருவர். எதிரி வந்ததும் அவர்களே எழுந்து குறுக்கே நிற்கிறார்கள். அந்த எதிரி அவர்களை ஒரே வீச்சில் ஒதுக்கிவிடுகிறான் என்பது உண்மைதான். ஆனாலும் இதுவரை காப்பாற்றப்பட்டவர்களாக மட்டுமே இருந்தவர்களுக்கு, திருப்பிச் செய்ய ஒரு வாய்ப்பு கிடைத்துவிட்டது. அவன் முகத்தைப் பார்த்ததால் கிடைத்த வாய்ப்பு அது. உங்கள் தம்பிக்கு நீங்கள் இன்னும் முகத்தைக் காட்டவே இல்லை.

பேட்மேன் அப்படியில்லையே என்று நீங்கள் கேட்பீர்கள். ‘தி டார்க் நைட்’ (2008) முடிவில் அவன் ஊர் நன்மைக்காக ஒரு பொய்யைச் சுமந்துகொண்டு இருட்டில் ஓடுகிறான்; ஊரே நல்லவர் என்று நம்பிய அரசு வழக்கறிஞர் ஹார்வி டென்ட் செய்த கொலைகளின் பழியைத் தானே ஏற்கிறான். பார்க்கும்போது மெய்சிலிர்க்கிறது. அந்தக் கதை அங்கே முடியவில்லை. 2012-இல் வந்த அடுத்த படத்தில், எட்டு ஆண்டுகள் கழித்து அந்தப் பொய் உடைகிறது. உண்மையை எழுதிச் சட்டைக்குள் வைத்திருந்த கமிஷனர் கார்டனால் கடைசிவரை அதை வாசிக்க முடியவில்லை. அந்தத் தாள் எதிரியின் கையில் சிக்க, அவன்தான் ஊர் முன்னால் அதைப் படிக்கிறான். பேட்மேனாக உலவும் ப்ரூஸைச் சின்ன வயதிலிருந்து வளர்த்த ஆல்ஃபிரட் கதையும் இதேதான். ப்ரூஸின் மனம் உடையக்கூடாது என்று டென்ட்டையே மணக்கப்போவதாக அவன் காதலித்த ரேச்சல் எழுதிய கடிதத்தை எரித்தவர், அதைச் சொல்லவேண்டிய நாள் வந்தபோது, தான் வளர்த்த பிள்ளையையே பிரிய நேர்கிறது. அன்பினால் மறைத்தாலும் மறைத்தது வெளியே வரும்போது கேட்பவருக்கு அன்பு தெரிவதில்லை, மறைத்ததுதான் தெரிகிறது. உங்கள் கடனைப் பற்றி மனைவி உங்கள் வாயால் கேட்பது ஒன்று. கடன் கொடுத்தவரின் தொலைபேசி அழைப்பில் கேட்பது வேறு.

உங்கள் மனைவியை நினைத்தபோது ‘அயர்ன் மேன் 3’ (2013) படத்தில் அயர்ன் மேனாக வரும் டோனி ஸ்டார்க் கண்முன் வந்தார். பெரிய போர் ஒன்றில் உயிர்தப்பி வந்தவர். தூக்கம் போய்விட்டது, திடீர் திடீரென்று மூச்சுமுட்டும் பதற்றம். காதலி பெப்பரைக் காக்கவேண்டும் என்று அடித்தளத்தில் உட்கார்ந்து இரவெல்லாம் கவசம் கவசமாகச் செய்கிறார். பெப்பர் வீட்டுக்கு வரும்போது கூடத்தில் உட்கார்ந்திருப்பது காலிக் கவசம் மட்டும். ஆள் கீழே வேலையில் இருக்கிறார். அன்றிரவே தூக்கத்தில் கெட்ட கனவு வர, அவருக்குத் துணையாக எழுந்துவரும் அந்தக் கவசமே பக்கத்தில் படுத்திருந்த பெப்பரின் கையைப் பிடித்து முறைத்து நிற்கிறது. எவரைக் காக்கச் செய்தாரோ அவரையே அது மிரட்டுகிறது. எரிந்து விழுகிறேன் என்று எழுதியிருக்கிறீர்களே, அது யார்மீது? கடன்காரர்மீதும் டாக்டர்மீதும் நீங்கள் எரிந்து விழுந்திருக்கமாட்டீர்கள். வீட்டு வாசலைத் தாண்டியதும் எதிரே வருபவர்மீதுதான்.

அந்தப் படத்தில் வீடு இடிந்து விழும்போது டோனி கவசத்தை பெப்பர்மீது அனுப்புகிறார். மேலிருந்து இடிபாடு சரிகையில் அந்தக் கவசத்தோடு குனிந்து அவரை மூடிக் காப்பது பெப்பர். ‘தி இன்க்ரெடிபிள்ஸ்’ படத்தில் கணவன் மனைவியைச் சண்டைக்கு வராதே என்று தடுக்கிறான். உன்னை மீண்டும் இழக்கும் அளவுக்கு எனக்கு வலு இல்லை என்கிறான். சேர்ந்து நின்றால் அந்த வலு உனக்குத் தேவைப்படாது என்கிறாள் அவள்.

உங்கள் நிலைமைக்கு மிக நெருங்கிய படம் ‘லோகன்’ (2017). ஒரு காலத்தில் உலகின் மிகக் கூரிய மனம் படைத்த சார்லஸ் சேவியர் அதில் மூளை நோயால் சிதைந்த முதியவர். அவருக்கு மருந்து வாங்கக் கார் ஓட்டிச் சம்பாதிக்கிறான் நாயகன் லோகன். தூக்கிப் படுக்கவைக்கிறான், கழிவறைக்குத் துணை போகிறான், திட்டு வாங்குகிறான், திருப்பித் திட்டுகிறான். அவன் உடம்பும் உள்ளுக்குள் அரித்துக்கொண்டிருக்கிறது, அதையும் சொல்வதில்லை. வழியில் ஒரு குடும்பத்தின் வீட்டில் தங்கும் இரவில் சார்லஸ் அவனிடம் சொல்வதை மட்டும் நிறுத்திக் கேளுங்கள். வாழ்க்கை என்றால் இதுதான், ஒருவரையொருவர் நேசிக்கும் மனிதர்கள், பத்திரமான ஓர் இடம். ஒரு கணம் நின்று இதை உணர்ந்துபார், உனக்கு இன்னும் நேரம் இருக்கிறது என்பார். லோகன் அதைத் தட்டிக்கழிக்கிறான். நீங்கள் தட்டிக்கழிக்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இந்தப் படங்கள்மீது எனக்கு ஒரு குறை உண்டு. அவற்றில் எதிரிக்கு ஒரு முகம் இருக்கிறது, சண்டைக்கு ஒரு முடிவு இருக்கிறது. உங்கள் வீட்டில் இரண்டும் இல்லை. மறதிநோய் ஆண்டுக்கணக்கில் நீளும். அடித்து வீழ்த்த எதிரே யாரும் நிற்கவில்லை. எதிரி இல்லாத இடத்தில், உதவாத தம்பியும் குறைசொல்லும் மனைவியும் மெல்ல மெல்ல எதிரியாகத் தெரியத் தொடங்குவார்கள். உதவ வழியே இல்லாதபடி அவர்களை வெளியே நிறுத்தியது யார் என்பதை யோசியுங்கள்.

இனி செய்யவேண்டியது. இன்றிரவு படம் போடுவதற்கு முன்பு கடன் விவரத்தை மனைவியிடம் சொல்லுங்கள். தொகை, வட்டி, கெடு எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள். பாதியை மறைத்துப் பாதியைச் சொன்னால் மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியிருக்கும்.

அம்மாவிடம் நோயைப் பற்றி நீங்கள் தனியாகச் சொல்லவேண்டியதில்லை. அடுத்த முறை டாக்டரிடம் போகும்போது அவரையும் அழைத்துக்கொண்டு போங்கள். நாள் முழுவதும் அப்பாவோடு இருப்பவர் அவர். கேட்டதையே திரும்பக் கேட்பதையும் தெரிந்த பெயர்கள் தவறுவதையும் உங்களைவிட அதிகமாகப் பார்ப்பவர். உங்களிடமிருந்து அவரும் எதையோ மறைத்துக்கொண்டிருக்கக்கூடும். இதைத் தள்ளிப்போடக் கூடாததற்கு இன்னொரு காரணமும் உண்டு. இந்த நோயில் அப்பாவின் விருப்பத்தை அப்பாவிடமே கேட்டறியும் காலம் குறுகியது. பணம், சொத்து, எந்தச் சிகிச்சை வேண்டும் எது வேண்டாம் என்பதையெல்லாம் அவர் தெளிவாக இருக்கும் நேரம் பார்த்து, குடும்பமாக உட்கார்ந்து பேசிவிட வேண்டும். நீங்கள் மறைக்கும் ஒவ்வொரு மாதமும் அப்பாவின் வாயிலிருந்தே அந்தப் பேச்சைப் பிடுங்குகிறது.

தூக்கமின்மைக்கு நீங்களும் ஒரு டாக்டரைப் பாருங்கள். நோயாளியைக் கவனிப்பவர்கள் மனச்சோர்வில் விழுவது சாதாரணமாக நடப்பது, சிகிச்சையும் உண்டு. அப்பாவுக்குத் துணையாகப் போகும் அன்றே வேண்டாம், அது உங்களுக்கென்று தனி நாளாக இருக்கட்டும்.

தம்பியிடம் “கொஞ்சம் உதவி செய்” என்று சொல்லாதீர்கள். வாரத்தில் ஒரு நாளை முழுதாக அவரிடம் கொடுத்துவிடுங்கள். முதல் நாள் மட்டும் உடனிருந்து, எந்த மாத்திரை எப்போது, அப்பா எதற்குக் கோபப்படுவார், எந்தப் பாட்டைப் போட்டால் அமைதியாவார் என்று காட்டிக்கொடுங்கள். அடுத்த வாரம் வெளியே போய்விடுங்கள். தம்பி குளிப்பாட்டும் விதமும் ஊட்டும் விதமும் உங்களுடையது போல இருக்காது. திரும்பி வந்ததும் அதைத் திருத்தாதீர்கள். நடுவில் போன் போட்டு விசாரிக்கவும் வேண்டாம். அவராகக் கூப்பிட்டால் எடுங்கள்.